லஹ்சன் ஊபெல்லாவின் மாற்றுப்பெயர்

கிஸ்லேன் லெகூத்ரின் வீட்டில் நாற்பத்தொரு ஆண்கள் பேசிக்கொண்டிருந்தார்கள். அவளைத் தவிர அந்த வீட்டில் வேறு யாரும் இல்லை.

லீல் நகரத்தில், ரயில் நிலையத்துக்குப் பின்தெருவில், நான்காவது மாடியில் இரண்டு அறைகள். காலையில் எழுந்து, சிக்கரி கலந்த காப்பியைக் கிண்ணம் நிறைய ஊற்றிக்கொண்டு ஹெட்ஃபோனைக் காதில் மாட்டினால் குரல்கள் தொடங்கிவிடும். எல்லாம் கிழவர்களின் குரல்கள். இளவயதில் மொரோக்கோவின் மலைக் கிராமங்களிலிருந்து வடக்குப் பிரான்சின் நிலக்கரிச் சுரங்கங்களுக்கு அழைத்துவரப்பட்டவர்கள். அவள் வரலாற்றுப் பேராசிரியை. வரைபடத்தில் பிரெஞ்சுப் பேரரசு முடிந்துபோன பிறகும் பூமிக்கு அடியில் அது எப்படி நீடித்தது என்பதுதான் அவள் எழுதிக்கொண்டிருந்த புத்தகம். எட்டு வருட வேலை. நவம்பர் கடைசிக்குள் கொடுத்துவிட வேண்டும்.

ஒவ்வொரு பேட்டியின் முடிவிலும் அவள் ஒரே கேள்வியைக் கேட்பாள்.

"புத்தகத்துல உங்க சொந்தப் பேர் வராது. வேற என்ன பேர் வைக்கட்டும், நீங்களே சொல்லுங்க."

சிலர் பந்தாட்டக்காரன் பெயரைச் சொன்னார்கள். ஒருவர் தன் கழுதையின் பெயரைச் சொன்னார். இன்னொருவர், "பதினெட்டு வருஷம் என்னைத் திட்டின மேஸ்திரி ஒருத்தன் இருந்தான். அவன் பேரையே வையுங்க. ஒரு புத்தகத்துலயாவது அவன் மொரோக்கோக்காரனா இருந்து பாக்கட்டும்" என்று சொல்லிவிட்டு இருமி இருமிச் சிரித்தார். உண்மைப் பெயரும் மாற்றுப்பெயரும் பக்கத்துப் பக்கத்தில் எழுதிய தாள் ஒன்றே ஒன்றுதான். அது இரும்பு இழுப்பறையில் பூட்டிக் கிடந்தது.

இந்தத் தொழிலில் ஒரு நோய் உண்டு. வருடக்கணக்கில் மாற்றுப்பெயரிலேயே எழுதி எழுதி, உண்மைப் பெயர்கள் மனத்திலிருந்து கழன்றுவிடும். கிஸ்லேனுக்கும் அது வந்திருந்தது. அவளுக்குத் தெரியாது.

அவளுடைய பெயரும் மற்றவர்கள் வாயிலிருந்து கழன்றுகொண்டிருந்தது. ஈஸ்டருக்கு மறுவாரம் அம்மா இறந்துபோனாள். அதிலிருந்து ஞாயிற்றுக்கிழமை தொலைபேசி ஒலிப்பதில்லை. பல்கலைக்கழகத்தில் அவள் மதாம் லெகூத்ர். ரொட்டிக் கடையில் வெறும் மதாம். செப்டம்பரில் பல் மருத்துவரின் வரவேற்பறையில் ஒரு பெண் படிவத்தைப் பார்த்து "கிஸ்லேன்" என்று படித்தபோது அவள் திடுக்கிட்டு நிமிர்ந்தாள். வேறு யாரையோ கூப்பிடுகிறார்கள் என்று ஒரு கணம் சுற்றுமுற்றும் பார்த்தாள்.

அக்டோபர் நடுவில் ஒரு நாள் தொலைபேசி வந்தது. ஆர்னெல் ஊர் மருத்துவமனையிலிருந்து, கோரலி என்ற உதவிச் செவிலி.

"மதாம், எங்க வார்டுல திரு. ஊபெல்லான்னு ஒருத்தர் இருக்காரு. தூசி நுரையீரல். அவர் பர்ஸ்ல ரெண்டே நம்பர்தான். ஒண்ணு லியோன்ல இருக்கிற மகன். அவருக்கு இப்போதைக்கு வர முடியாதாம். இன்னொண்ணு உங்க கார்டு. நீங்க சொந்தமா?"

"இல்லை. ஊபெல்லா... ஒரு நிமிஷம்."

அவளுக்கு முகம் நினைவுக்கு வரவில்லை. இழுப்பறையைத் திறந்து தாளைப் பார்த்தாள். பதினேழாவது வரி. உடனே எல்லாம் வந்துவிட்டது. அட, அயாத்! தொழிலாளர் கொட்டகையில் பன்னிரண்டு பேருக்குப் பருப்புச் சமைத்த அயாத். ஒவ்வொரு வாக்கியத்துக்கும் நடுவில் இருமுகிறவர். பேட்டி முடிந்து கதவு வரை வந்து, மதாம் பத்திரமாப் போங்க, ரயில் பெட்டியில ஜன்னல் ஓரமா உக்காருங்க, என்று சொன்னவர்.

"சொந்தம் இல்லை. வியாழக்கிழமை வரேன்" என்றாள். வியாழன்தான் அவளுக்கு வகுப்பில்லாத நாள், எழுதுகிற நாள். சொல்லி வைத்த பிறகு ஏன் சொன்னோம் என்று நினைத்தாள். ஆனாலும் போனாள். நல்ல காரியங்கள் பலவும் அப்படித்தான் நடக்கின்றன, செய்கிறவருக்கு அரை மனதாக இருக்கும்போதே.

ஆர்னெலில் மழை. செங்கல் வரிசை வீடுகளுக்குப் பின்னால் பழைய கரிமேடுகளில் புல் முளைத்துப் பச்சையாக நின்றது. கடைத்தெருவில் ஒரு பை கிளெமான்தீன் ஆரஞ்சுப் பழம் வாங்கிக்கொண்டு மருத்துவமனைக்குள் நுழைந்தாள். மூன்றாம் மாடியில் இரண்டு கட்டில் போட்ட அறை. கதவோரக் கட்டிலில் ஒரு பருத்த கிழவர் தொலைக்காட்சியில் சைக்கிள் பந்தயம் பார்த்துக்கொண்டிருந்தார். ஜன்னலோரக் கட்டிலில் மூக்கில் பிராணவாயுக் குழாயோடு ஒரு மெலிந்த முதுகு.

"அயாத்!" என்றாள் கிஸ்லேன். "எப்படி இருக்கீங்க?"

அந்த முதுகு அசையவில்லை. பிறகு மெதுவாக, மிக மெதுவாகத் திரும்பியது. கிழவர் அவளைப் பார்த்தார். கண்ணீர் நிறைந்து, மடிப்பு விழுந்த கன்னத்தில் வழிந்து, குழாயின் ஓரத்தில் தேங்கி நின்றது.

"அம்மா, ரூம் மாறி வந்துட்டீங்க" என்றார் பருத்தவர். "இங்க அயாத்தும் இல்ல, கியாத்தும் இல்ல. நான் எத்மோன் கூபியாக். அவன் லஹ்சன். ரெண்டு பேருக்கும் சேத்து நுரையீரல் ஒரு அரைதான் தேறும்."

கிஸ்லேனுக்கு முகம் சுட்டது. மூன்றாம் மனிதர் முன்னால் மாற்றுப்பெயரை உடைப்பதைவிடப் பெரிய பிழை அவளுடைய தொழிலில் இல்லை. மாணவர்களுக்கு முதல் வகுப்பில் சொல்லிக்கொடுக்கிற விஷயம்.

"மன்னிச்சிடுங்க, திரு. ஊபெல்லா. நான்... வாய் தவறி..."

"திரும்பச் சொல்லுங்க மதாம்" என்றார் கிழவர்.

"என்ன?"

"இப்பக் கூப்பிட்டீங்களே. அதைத் திரும்பச் சொல்லுங்க."

அவள் தயங்கினாள். "அயாத்" என்றாள், மெதுவாக.

அவர் கண்ணை மூடிக்கொண்டார். கூபியாக் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு தொடையில் தட்டினார்.

"ஓ, பட்டப்பேரா! அப்படிச் சொல்லுங்க. யோவ், மூணு வாரமாப் பக்கத்துல கெடக்குறே, பட்டப்பேர் இருக்குன்னு ஒரு வார்த்தை சொல்லலியே! சுரங்கக் குழிக்குள்ள பட்டப்பேர் இல்லாதவன் எவன் இருந்தான்? எனக்குப் 'புறா'. எங்கப்பா பந்தயப் புறா வளத்தார். போலந்துல இருந்து வரும்போது அவர் கொண்டுவந்தது ரெண்டே ரெண்டு, ஒரு பெட்டி, ஒரு ஜோடிப் புறா. புறாக்கள் செத்து நாப்பது வருஷமாச்சு, பேர் மட்டும் போகல."

"உங்களுக்கெல்லாம் ஆளுக்கு ஒரு பட்டப்பேர் வெச்சாங்க" என்றார் லஹ்சன் ஊபெல்லா, மூச்சை எடுத்து எடுத்து. "எங்களுக்கு ஒண்ணுதான். முந்நூறு பேரும் மொகமத்."

கூபியாக் தொலைக்காட்சியின் சத்தத்தைக் குறைத்தார்.

"நானும் அப்படிக் கூப்பிட்டிருக்கேன்" என்றார், திரையைப் பார்த்தபடியே.

அரை மணி கழித்துக் கோரலி சக்கர நாற்காலியோடு வந்து கூபியாக்கை எக்ஸ்ரேக்குக் கூட்டிப்போனாள். "டாக்டருக்கு என் கரியை இன்னொரு தடவை படம் பிடிக்கணுமாம்" என்று சொல்லிக்கொண்டே அவர் போனார். கதவு சாத்தியதும் கிழவர் கிஸ்லேனைக் கட்டில் ஓரமாக உட்காரச் சொன்னார்.

"அன்னிக்கு நீங்க கேட்டீங்களே மதாம், என்ன பேர் வைக்கட்டும்னு. அச்சுல வருமான்னு நான் கேட்டேன். வரும்னீங்க. அதான் சொன்னேன்."

"எதை?"

"என் பேரை."

கிஸ்லேனுக்கு முதலில் புரியவில்லை.

"லஹ்சன் எங்க அண்ணன். என்னைவிட ஒன்றரை வயசு மூத்தவன். அறுபத்தஞ்சுல கம்பெனி ஆள் வந்தப்ப ரெண்டு பேரும் வரிசையில நின்னோம். சட்டையில்லாம, வெயில்ல. அந்த ஆள் கையைப் பிடிச்சுப் பாத்தான், பல்லைப் பாத்தான், முதுகைத் தட்டிப் பாத்தான். சந்தையில மாடு பாக்கிற மாதிரிதான். அண்ணன் நெஞ்சுல பச்சை முத்திரை குத்தினான். பச்சைன்னா பிரான்ஸ். எனக்குச் சிவப்பு. ஒல்லியா இருந்தேன், வீட்டுக்குப் போன்னுட்டான்."

"டேப்புல உங்களுக்குப் பச்சைன்னு சொன்னீங்களே?"

"லஹ்சன் நெஞ்சுல பச்சை குத்தினாங்கன்னு சொன்னேன். போட்டுக் கேட்டுப் பாருங்க. பொய் சொல்லல."

அவர் கொஞ்சம் சிரித்தார். அது இருமலாக மாறியது. கிஸ்லேன் தண்ணீர்க் கோப்பையை உதட்டில் வைத்தாள்.

"பஸ் வர்றதுக்குப் பதினோரு நாள் முன்னாடி அண்ணனுக்குக் காய்ச்சல். அஞ்சே நாள்தான். பொதைச்சிட்டு வந்தோம். மறுநாள் பதிவு குமாஸ்தா வந்தான். செத்தது எந்தப் பையன்னு கேட்டான். சின்னவன்னு அப்பா சொல்லிட்டார். நான் அவர் பக்கத்துலதான் நின்னுக்கிட்டிருந்தேன், மதாம். கையில அந்தக் குமாஸ்தாவுக்குக் குடுக்கத் தேத்தண்ணி."

"யாரும் கண்டுபிடிக்கலியா?"

"படத்துல நாங்க ரெண்டு பேரும் ஒண்ணாத்தான் தெரிவோம். இங்க வந்தப்புறம் என்ன, அவங்களுக்கு நாங்க எல்லாருமே ஒண்ணுதானே. ஊர்ல எல்லாருக்கும் தெரியும். யாராவது காட்டிக்கொடுத்துடுவானோன்னு அப்பா எல்லார் வீட்டுக்கும் நடந்தார். ஊரே சேந்து என்னை மறந்து குடுத்துச்சு. ஆகஸ்ட் மாசம் லீவுல போனா எல்லாரும் லஹ்சன், லஹ்சன்னுவாங்க. அம்மா மட்டும் அந்த ரெண்டு பேர்ல எதையும் சொல்ல மாட்டா. மகனேன்னு மட்டும்தான் சொல்லுவா. என் வீட்டுக்காரி இஜ்ஜா கல்யாணமான புதுசுல காதுக்குள்ள கூப்பிடுவா. பிள்ளை பொறந்ததும் அதையும் நிறுத்திட்டா. பள்ளிக்கூடத்துல போய் உளறிடுவான்னு பயம். அவ போயே எட்டு வருஷமாச்சு."

வெளியே மழை ஜன்னலில் இழைந்தது.

"எனக்கு ஊர்ல ஒரு கல்லறை இருக்கு. தலைமாட்டுல ஒரு கல், கால்மாட்டுல ஒரு கல். அயாத்தோட கல்லறைன்னு பிள்ளைங்களுக்கெல்லாம் காட்டுவாங்க. நானும் போய்க் கையேந்தி துஆ கேட்டு, பிரார்த்தனை பண்ணிட்டு வருவேன். சாவுக்குப் பயமில்ல மதாம். ஆனா நான் போனா லஹ்சன் செத்தான்னுதான் எழுதுவாங்க, அவனுக்கு அது ரெண்டாவது சாவு. அயாத் என்னிக்குச் செத்தான்னு ஒருத்தருக்கும் தெரியாது. அவனுக்குன்னு ஒரு துஆகூடக் கிடையாது. இன்னிக்கு நீங்க கதவுல நின்னு கூப்பிட்டதும்..."

கிஸ்லேன் அவர் கையைப் பிடித்துக்கொண்டாள். தோலுக்கு அடியில் கரித்தூள் நீல வரிகளாக ஓடியது.

"இதை எழுதாதீங்க" என்றார் கிழவர், அவள் கிளம்பும்போது. "என் மகன் யூனெஸோட பத்திரமெல்லாம் லஹ்சன் ஊபெல்லாவோட மகன்னுதான் இருக்கு. கிளறினா அது எங்க போய் நிக்கும்னு எனக்குத் தெரியாது. அவனுக்கு ரெண்டு பொண்ணுங்க. அவனுக்கே இது தெரியாது."

எழுதமாட்டேன் என்றுதான் அவள் சொன்னாள்.

ஆனால் திரும்புகிற ரயிலில், தான் இன்று கேட்டது என்ன என்று அவளுக்கு நன்றாகவே தெரிந்தது. எட்டு வருடமாகத் தேடியது இதுதான். ஒரு மனிதனின் மார்பில் குத்திய மை இன்னொரு மனிதனின் வாழ்க்கையாகிப்போன கதை. எந்த ஆவணக் காப்பகத்திலும் இது இல்லை, இருக்கவும் முடியாது. வீட்டுக்கு வந்து கோட்டைக்கூடக் கழற்றாமல் உட்கார்ந்தாள். ஊரை மாற்றினாள், ஆண்டை மாற்றினாள், மகனை மகளாக்கினாள். மூன்று பக்கம். அவள் வாழ்நாளில் எழுதியதிலேயே நல்ல மூன்று பக்கம் அது.

மறுநாள் அதைப் பதிப்பாசிரியை ஆன்லீஸுக்கு அனுப்பிவிட்டுத் தொலைபேசியில் படித்தும் காட்டினாள்.

"கிஸ்... மதாம் லெகூத்ர், இதுதான் புத்தகம்! இதைத் தூக்கி முதல் பக்கத்துல வைங்க. மத்ததெல்லாம் இதுக்கு அப்புறம்தான்."

கிஸ்லேன் அந்த அரைகுறையான "கிஸ்"ஸைக் கவனித்தாள். பாராட்டுகிறபோதுகூட நடுவில் நிறுத்திவிடுகிறார்கள். தொலைபேசியை வைத்த பிறகு அந்த மகிழ்ச்சியைச் சொல்ல ஆள் யாரும் இல்லை. ஹெட்ஃபோனை மாட்டினாள். பதினேழாவது நாடா ஓடியது. அவர் இருமினார். "லஹ்சன் நெஞ்சுல பச்சை குத்தினாங்க" என்றார். சொன்னது சொன்னபடி சரியாகவே இருந்தது.

வியாழக்கிழமை வந்தது. கிளெமான்தீன் பையோடு அந்த மூன்று பக்கமும் அவள் கைப்பையில் இருந்தன. ஏன் எடுத்து வந்தாள் என்று கேட்டால் அவளுக்குச் சொல்லத் தெரிந்திராது. மனசாட்சி சில சமயம் நம்மைக் கேட்காமலே பையில் ஏறிக்கொள்ளும்.

கூபியாக் சுவர்ப்பக்கம் திரும்பித் தூங்கிக்கொண்டிருந்தார். அயாத்தின் குரல் போன வாரத்தைவிடக் கம்மியிருந்தது. ஒரு சுளையை வாயில் போட்டுக்கொண்டு அவளையே பார்த்தார்.

"எழுதிட்டீங்க, இல்ல?"

பொய் சொல்ல நாக்கு வரவில்லை. "எழுதிட்டேன்."

"தெரியும். கிணறு தோண்டுறவன் தண்ணியப் பாத்துட்டுச் சும்மா வர மாட்டான். சரி, படிங்க. கேக்கலாம்."

அவள் படித்தாள். தேத்தண்ணீர்க் கோப்பையோடு தகப்பன் பக்கத்தில் நின்ற இருபது வயதுப் பையன் அதில் இருந்தான். கிழவர் மெல்லுவதை நிறுத்திவிட்டுக் கேட்டார். முடிந்ததும் வாயிலிருந்த சுளையை விழுங்கினார்.

"நல்லா இருக்கு" என்றார். "எல்லாம் நெசம். ஊரை மாத்தியிருக்கீங்க, அதுவும் நல்லாத்தான் இருக்கு. ஆனா எங்க ஊர்க்காரன் ஒருத்தன் படிச்சா போதும், மதாம். அந்தத் தேத்தண்ணியே காட்டிக் குடுத்துடும்."

"ஆமா."

"ஒருத்தர் எழுதியாச்சு. ஒருத்தர் கேட்டாச்சு. எனக்கு அது போதும். கிழிச்சிடுங்க, மகளே."

மதாம் இல்லை, மகளே. கிஸ்லேன் தாள்களை இரண்டாக, நான்காக, எட்டாகக் கிழித்தாள். பழத்தோலோடு சேர்த்துக் கூடையில் போட்டாள். எட்டு வருடத்தின் முதல் பக்கம் அதற்குள் போனது. கணினியில் உள்ளதையும் ஆன்லீஸிடம் உள்ளதையும் அழித்துவிட வேண்டும் என்று மனத்துக்குள் குறித்துக்கொண்டாள்.

"இன்னொண்ணு இருக்கு" என்றாள். "புத்தகத்துல உங்க மாற்றுப்பெயரை மாத்தணும். உண்மைப் பேர் அச்சுல வரக்கூடாது. அதுதான் எங்க விதி."

கிழவரின் கண்ணில் ஒரு குறும்பு வந்தது. "விதிப்படி அது என் பேர் இல்லையே. அயாத் அறுபத்தஞ்சுல செத்துட்டான்னு சர்க்கார் முத்திரை போட்டு வெச்சிருக்கு. நான் லஹ்சன். வேணும்னா என் கார்டைக் காட்டட்டுமா?"

அவள் சிரித்துவிட்டாள். எத்தனையோ மாதங்களுக்குப் பிறகு சத்தமாகச் சிரித்தாள். சுவர்ப்பக்கம் திரும்பியிருந்த கூபியாக்கின் தோள் ஒரு முறை அசைந்ததை இருவருமே கவனிக்கவில்லை.

அயாத் அடுத்து, "உங்களை வீட்டுல என்னன்னு கூப்பிடுவாங்க?" என்றார்.

"வீட்டுல யாரும் இல்ல. அம்மா கூப்பிடுவாங்க. கிஸ்லேன்."

"கிஸ்லேன்" என்றார் அவர். அவர் வாயில் அது கரடுமுரடாக இருந்தது. இரண்டாம் முறை கொஞ்சம் தேறியது.

அதற்கு அடுத்த வாரம் அவள் வந்தபோது வார்டு முழுக்க மாறியிருந்தது. "அயாத் ஐயா, மாத்திரை!" என்றாள் கோரலி. தரை துடைக்கிற பெண், "அயாத், காலைத் தூக்குங்க" என்றாள். எல்லாம் கூபியாக்கின் வேலை.

"குழிக்காரனைப் பட்டப்பேர் சொல்லித்தான் கூப்பிடணும்னு சொல்லிட்டேன்" என்றார் அவர். "இல்லன்னா மாத்திரை சாப்பிட மாட்டோம்னு ரெண்டு பேரும் ஸ்ட்ரைக். எண்பதுல இவங்க பண்ணின ஸ்ட்ரைக்குல நான் சேரல. இப்பச் சேந்துக்கிட்டேன்."

"அவனோட பட்டப்பேரையும் சொல்லச் சொன்னான்" என்றார் அயாத். "டாக்டர் வந்து 'வணக்கம் திரு. புறா'ங்கிறார்."

ஒரு மனிதனைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவது காசில்லாத தர்மம். அந்த மூன்றாம் மாடியில் அதை எல்லோரும் செய்துகொண்டிருந்தார்கள், தர்மம் என்று தெரியாமலே. யாராவது கூப்பிடும்போதெல்லாம் கிழவர் உடனே பதில் சொல்லமாட்டார். ஒரு கணம் விட்டு, இன்னொரு தடவை கூப்பிட வைத்துவிட்டுத்தான் திரும்புவார். காது மந்தமாகிவிட்டது என்று கோரலி குறிப்பேட்டில் எழுதினாள்.

ஆன்லீஸ் கோபப்படவில்லை, அதுதான் கஷ்டமாக இருந்தது. "அந்த மூணு பக்கம் இல்லாம இது நல்ல புத்தகம். அதோட இருந்தா பெரிய புத்தகம்" என்றாள். கிஸ்லேன், தெரியும் என்றாள். நவம்பர் இருபத்தெட்டாம் தேதி நல்ல புத்தகத்தை அனுப்பினாள். பதினேழாம் மனிதர் அதில் நான்கு இடங்களில் வந்தார், பருப்புச் சமைத்தபடி, அயாத் என்ற பெயரில். முகவுரையில் வழக்கமான வரி: பெயர்கள் மாற்றப்பட்டுள்ளன. அதன்மேல் பேனாவை வைத்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தாள். பிறகு அப்படியே விட்டுவிட்டாள். அனுப்பிய பிறகு வீடு ரொம்ப அமைதியாக இருந்தது. ஹெட்ஃபோனை மாட்டவும் காரணமில்லை.

டிசம்பர் இரண்டாம் வாரம், ஒரு செவ்வாய்க்கிழமை, தொலைபேசி ஒலித்தது.

"டீச்சரம்மா, புறா பேசறேன்."

அவள் உட்கார்ந்துவிட்டாள்.

"காலையில, காப்பி வர்றதுக்கு முன்னாடி. மூச்சு ஒரு மாதிரி ஆச்சு. பெல் அடிச்சேன். அவங்க ஓடி வர்ற வரைக்கும் நான் கூப்பிட்டுக்கிட்டே இருந்தேன். அந்தப் பேர் சொல்லித்தான். சரிதானே?"

"சரிதான், திரு. கூபியாக்."

"அன்னிக்கு நீங்க படிச்சப்ப நான் தூங்கல." மறுமுனையில் மூச்சு இரைத்தது. "நான் வாயைத் தொறக்க மாட்டேன். ஆயிரம் அடி கீழ ஒருத்தன் உயிரை ஒருத்தன் கையில குடுத்துட்டு வேலை செஞ்சவங்கம்மா நாங்க. ஆனா மொகமத்னு கூப்பிட்டேனே, அதுக்குப் பதிலா எத்தனை தடவை கூப்பிட்டா ஈடாகும்னு கணக்குப் போட்டுக் கூப்பிட்டேன். தேறல."

ஆர்னெல் பள்ளிவாசல் ஒரு காலத்தில் சுரங்கத் தொழிலாளர்களின் சினிமாக் கொட்டகையாக இருந்த கட்டடம். புதன்கிழமை மதியம் முப்பது பேர் வந்திருந்தார்கள், பெரும்பாலும் கிழவர்கள், பாதிப் பேர் இருமிக்கொண்டு. சவப்பெட்டி முன்னால் இருந்தது. அங்கிருந்து விமான நிலையம், பிறகு ஊர். பெண்களுக்கான பின்வரிசையில் கிஸ்லேனும் இன்னும் இரண்டு பெண்களும் நின்றார்கள். அவள் தலையில் அம்மாவின் சாம்பல் நிறத் துண்டு.

தொழுகைக்கு முன் மகன் யூனெஸ் அவளைத் தேடி வந்தான். அப்பாவின் தாடை, அப்பாவின் ஒல்லி. கண் வீங்கியிருந்தது.

"டேப் ரெக்கார்டர் மதாம் நீங்கதானே? நான் வராத வியாழக்கிழமை எல்லாம் நீங்க வந்திருக்கீங்கன்னு சொன்னாங்க." அவன் இன்னும் பக்கத்தில் வந்தான். "ஒண்ணு கேக்கணும். ஆஸ்பத்திரியில எல்லாரும் அப்பாவை அயாத், அயாத்ங்கிறாங்க. பட்டப்பேராம். கூபியாக் சொன்னார். எனக்கு இத்தனை வருஷம் தெரியாது. எனக்கு ஒரு சித்தப்பா இருந்தார், சின்ன வயசுலயே போயிட்டார். அவர் பேரு அது. உங்ககிட்ட அப்பா ஏதாவது சொன்னாரா?"

கிஸ்லேன் அவனைப் பார்த்தாள். ஒரு வாக்கியம் போதும், இவன் அப்பனுக்கு அவருடைய பெயர் திரும்பக் கிடைத்துவிடும். அதே வாக்கியம் இவன் பத்திரங்களில் இருக்கிற தகப்பன் பெயரைப் பிடுங்கிக்கொள்ளும். அவள் பார்த்த எல்லா ஆவணங்களையும்விட இந்தப் பையனின் முகம் பக்கத்தில் இருந்தது.

"சொன்னார்" என்றாள். "அண்ணன் தம்பி ரெண்டு பேரும் ஒண்ணா வரிசையில நின்னதைச் சொன்னார். அந்தப் பேரை அவர் ரொம்ப நேசிச்சார். யாராவது அதைச் சொல்லிக் கூப்பிட்டா அவருக்கு அவ்வளவு சந்தோஷம்."

ஒவ்வொரு சொல்லும் உண்மை. அதில் கூட்டவும் இல்லை.

யூனெஸ் தலையாட்டினான். பிறகு முன்னால் போய் இமாமின் காதில் ஏதோ சொன்னான். இமாம் குனிந்து கேட்டார். இன்னொரு முறை கேட்டு உறுதிசெய்துகொண்டார்.

வரிசைகள் நேரானதும், இமாம் திரும்பி நின்று கூட்டத்துக்குச் சொன்னார்:

"லஹ்சன் ஊபெல்லாவுக்காகத் தொழப்போறோம். அவர் தம்பி அயாத்தையும் துஆவுல சேத்துக்குங்கன்னு மகன் கேக்கிறார். அவர் ரொம்ப நாளைக்கு முன்னாடி போனவர். ரெண்டு பேருக்காகவும் கேளுங்க."

முப்பது பேரும் கை உயர்த்தினார்கள். பெட்டிக்குள் கிடந்தவருக்காக, பெற்ற மகன், அவர் பெயரைச் சொல்லியே கேட்டான். அவனுக்கு அது தெரியாது. தெரியவேண்டியவனுக்குத் தெரியும். மலைக் கிராமத்தில் அண்ணனும் தம்பியும் பெயர் மாறிப் பக்கத்துப் பக்கத்தில் படுத்திருப்பார்கள். ஆண்டவன் பதிவேட்டைப் பார்த்து ஆளைத் தேடுகிறவன் இல்லை.

கிஸ்லேனுக்கு அந்தத் தொழுகையின் சொற்கள் தெரியாது. அம்மாவுக்காகச் சொன்னதையே உதட்டுக்குள் சொன்னாள்.

வண்டி புறப்பட்டுப் போனதும் முற்றம் சீக்கிரமே காலியானது. அவளிடம் யாரும் வேறெதுவும் பேசவில்லை. மழை தூறிக்கொண்டிருந்தது. லீலுக்கு ரயில் பத்து நிமிடத்தில் இருந்தது. அவள் ரயில் நிலையத்துக்குப் போகிற தெருவை விட்டுவிட்டு மேட்டுப் பக்கம் திரும்பி நடந்தாள். மருத்துவமனையில் பார்வையாளர்களை விடுகிற நேரம் ஆகியிருக்கும். அங்கே மூன்றாம் மாடியில், பக்கத்துக் கட்டில் காலியாகக் கிடக்க, ஒரு பருத்த கிழவர் தொலைக்காட்சியை அணைத்துவிட்டுக் கதவைப் பார்த்துக்கொண்டிருப்பார். இரண்டு பெயரையும் சொன்னார்கள் என்று அவரிடம் போய்ச் சொல்ல வேண்டும். உலகத்தில் அதைச் சொல்வதற்கு அவளுக்கு வேறு ஆள் கிடையாது, கேட்பதற்கு அவருக்கும்.